பேட்டரி தீர்ந்த குலவை

எங்கள் லயத்தில் கருவாடு காய்கிற தகரத்தின் மேலேயே டார்ச்லைட் பேட்டரியும் காயும். லயம் என்றால் தோட்டத்து ஆட்கள் குடியிருக்கும் வரிசை வீடுகள். காலை வெயில் கூரைச் சரிவில் ஏறியதும் யாராவது ஒருத்தி கருவாட்டை ஓரமாக ஒதுக்கி, நாலைந்து பேட்டரிகளை அடுக்கி வைத்துவிட்டுப் போவாள். சாயங்காலம் எடுத்து டார்ச்லைட்டில் போட்டால் இன்னும் இரண்டு நாளைக்கு ஒப்பேற்றும். வந்த புதிதில் இதைப் பார்த்து எனக்குச் சிரிப்பு அடங்கவில்லை. சிவகங்கைப் பக்கம் எங்கள் வீட்டு ஓட்டின் மேலும் இதே கூத்துதான். மலேசியாவுக்கு வாக்கப்பட்டுப் போகிறாள் என்று தெருவே கூடி நின்று வழியனுப்பியது. அங்கே போயும் பேட்டரியைத்தான் காயவைக்கப் போகிறாய் என்று அப்போது யாராவது சொல்லியிருந்தால் நம்பியிருப்பேனா? என் கல்யாணமே காய்ந்த பேட்டரியில்தான் நடந்தது என்று நான் சொன்னால் நீங்களும் நம்பப் போவதில்லை. அதனால் முதலிலிருந்தே சொல்கிறேன்.

என்னைக் கட்டியவர் பெயர் மணியம். பத்தாங் பெர்ஜுந்தாய்க்குப் பக்கத்தில் ஒரு செம்பனைத் தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர், ராவாங்கில் ஒரு தொழிற்சாலையில் வேலை. அவருடைய தாத்தா எங்கள் ஊர்க்காரர். விட்டுப்போன உறவைத் தேடி வந்த இடத்தில் என்னைப் பார்த்தார், பிடித்துப்போயிற்று. ஊரிலேயே பதிவுத் திருமணம் ஆயிற்று. ஆனால் தாலியைத் தோட்டத்துக் கோயிலில்தான் கட்ட வேண்டும் என்று அவருடைய அம்மா சொல்லி அனுப்பியிருந்தார். அதிலும் நியாயம் இருந்தது. அந்தத் தோட்டத்தில் யார் வீட்டுக் கல்யாணம் என்றாலும் முதல் நாளே போய் வெங்காயம் உரித்துக் கொடுத்தவர் அவர். தன் ஒரே மகன் கல்யாணத்தை அந்த ஜனங்கள் பார்க்க வேண்டாமா? ஊர் பார்க்க வந்திருந்த இவருடைய அத்தை பாக்கியம் என்னைக் கூட்டிக்கொண்டு கப்பல் ஏறினார். என் அப்பாவும் அம்மாவும் தாலி கட்டுக்கு வருவதாகத்தான் பேச்சு. பிறகு அப்பாவுக்கு முழங்கால் வலி என்றார்கள், தம்பிக்குப் பரீட்சை என்றார்கள், அம்மாவுக்குக் கடலை நினைத்தாலே தலை சுற்றுகிறது என்றார்கள். டிக்கெட் எடுக்க முடியாத வீட்டில் காரணங்கள் இப்படித்தான் வரும் என்பது எனக்குத் தெரியாதா?

நான் வந்து இறங்கிய மாதமே மாமனார் தவறிவிட்டார். வருஷம் திரும்பாமல் அந்த வீட்டில் நல்ல காரியம் கிடையாது என்றாகிவிட்டது. அத்தனை நாளும் நான் அதே தோட்டத்தில் பாக்கியம் அத்தை வீட்டில் இருந்தேன். பதிவுக்குப் பெண்டாட்டி, ஊர் வாய்க்கு இன்னும் கட்டாத பெண். இவர் ஞாயிற்றுக்கிழமை மோட்டார் சைக்கிளில் வந்து வாசலில் நின்று பேசிவிட்டுப் போவார். வேலை இல்லாத எனக்கு வேடிக்கை பார்ப்பதே வேலை. இங்கே கரண்ட் தோட்டத்து எஞ்சினிலிருந்து வரும். சாயங்காலம் எஞ்சின் ஓடத் தொடங்கியதும் எல்லா வீட்டிலும் ஒரே நேரத்தில் விளக்கு எரியும், ஒரே நேரத்தில் வானொலி பாடும். படுக்கிற நேரத்தில் ஒரே நேரத்தில் எல்லாம் அணையும். விடியலுக்கு முன் கொஞ்ச நேரம் ஓடும், ஆட்கள் வேலைக்குப் போனபின் நின்றுவிடும். எங்கள் ஊரில் கரண்ட் எப்போது போகும் என்று யாருக்கும் தெரியாது. இங்கே எப்போது போகும் என்று கோழிக்குக்கூடத் தெரியும்.

இன்னொரு வேடிக்கை, இங்கே கல்யாணம் என்றால் ஐயரைப் பார்ப்பதற்கு முன்னால் பாட்டுக்காரரைப் பார்க்கிறார்கள். எங்கள் சுற்றுவட்டாரத்துக்குப் பாட்டுக்காரர் சின்னையா. குழாய் ஒலிபெருக்கி, இசைத்தட்டு, கேசட், மைக் எல்லாவற்றையும் ஒரு பழைய வேனில் ஏற்றிக்கொண்டு வந்து, முதல் நாள் மாலையிலிருந்து மறுநாள் பந்தி முடிகிறவரை தோட்டத்தையே அதிரவைப்பார். எந்தப் பாட்டுக்குப் பிறகு எந்தப் பாட்டு என்பதெல்லாம் அவர் இஷ்டம். மாப்பிள்ளை கேட்டாலும் மாற்ற மாட்டார். கெட்டிமேளத்தை மட்டும் ஒரு தனி இசைத்தட்டில் வைத்திருப்பார், அதை அவர் ஊசி வைக்கிற அழகைப் பார்க்கவே சிலர் பந்தலில் முன்னால் வந்து உட்காருவார்கள். எங்கள் கல்யாணத்துக்கும் அவரைத்தான் வைத்திருப்போம், ஊரிலிருந்து அந்தத் தபால் வந்திராவிட்டால்.

தபாலில் ஒரு கேசட் வந்தது. கூடவே தம்பி இரண்டு வரி எழுதியிருந்தான். எங்களால் வர முடியவில்லை, தாலி கட்டும்போது குலவையாவது போய்ச் சேரட்டும் என்று அம்மா சொன்னாள் என்று. எங்கள் பக்கத்தில் தாலி முடிச்சு விழும்போது பொண்ணைப் பெற்றவள் குலவை போட்டுத்தான் மற்ற பெண்கள் தொடங்குவார்கள். இந்தத் தோட்டத்தில் சேலம், நாமக்கல், திருவண்ணாமலைப் பக்கத்துக் குடும்பங்கள்தான் அதிகம், அவர்களுக்குக் குலவைப் பழக்கம் இல்லை. எங்கள் ஜில்லாவிலிருந்து வந்த நாலைந்து வீட்டிலும் இங்கேயே பிறந்த பெண்களுக்கு அது விட்டுப்போயிருந்தது. பந்தலில் என் பக்கம் என்று ஒரு ஆள் இல்லாமல் உட்காரப் போகிறேனே என்று ஒரு வருஷமாக வெளியே சொல்லாமல் புழுங்கிக்கொண்டிருந்தவளுக்கு அந்தக் கேசட்டைக் கையில் வாங்கியதும் அழுகை முட்டிக்கொண்டு வந்தது. அத்தனை கூட்டத்தில் எனக்கென்று ஒரு குரல் இருந்தால் போதும் என்று நினைத்தேன். வேறு எதுவும் நான் அந்தக் கல்யாணத்தில் கேட்கவில்லை.

இவர் கேசட்டை எடுத்துக்கொண்டு சின்னையாவிடம் போனார். அவர் கையால்கூடத் தொடவில்லையாம். “யாரோட கேசட்டையும் என் மெஷின்ல போட மாட்டேன் தம்பி. ஹெட்டு அழுக்காயிடும். கல்யாணத்துக்கு எது வேணும்னு எனக்குத் தெரியும்லா, நீ போய் மாப்பிள்ளையா உட்காரு” என்றிருக்கிறார். இவருக்குக் கோபம் சட்டென்று வராது. வந்தால் எளிதில் இறங்காது. வாசலில் மோட்டாரை நிறுத்தியவர் இறங்காமலே, “அவரு வேணாம். நம்ம கல்யாணத்துக்கு நாமளே பாட்டுப் போட்டுக்குவோம்” என்றார். அத்தை உள்ளேயிருந்து, “தாலி கட்டிக்கிட்டே பட்டன் அமுக்குவியாடா?” என்று கேட்டார். கோயிலில் ஒலிபெருக்கிப் பெட்டியும் இரண்டு குழாயும் இருந்தன. இவர் ராவாங்கிலிருந்து தன்னுடைய பெரிய ரேடியோ செட்டைக் கொண்டுவந்தார். அத்தை வீட்டில் பேட்டரியில் ஓடும் சின்ன டேப் ஒன்று இருந்தது. இவ்வளவுதான் எங்கள் முதலீடு.

பாட்டு சேர்ப்பது லேசான வேலை என்று நினைத்தோம். வானொலியில் நல்ல பாட்டு எப்போது வரும் என்று பதிவு பட்டனில் விரலை வைத்துக்கொண்டு நான் காத்திருப்பேன். பாட்டு முடிவதற்குள் அறிவிப்பாளர் பேசத் தொடங்கிவிடுவார், அவரும் சேர்ந்தே பதிவாகிவிடுவார். எங்கள் கல்யாணக் கேசட்டில் மழை நிலவரம் இருந்தது, மணி சொல்வது இருந்தது, ஒரு முருகன் பாட்டின் வாலில் சலவைத்தூள் விளம்பரத்தின் முதல் வார்த்தையும் இருந்தது. அதைவிடப் பெரிய தலைவலி எந்தப் பாட்டு கூடாது என்பது. பிள்ளையார் பாட்டு முதலில், அதில் சண்டை இல்லை. ஆனால் இவருக்குப் பிடித்த பாட்டு எல்லாமே காதலி விட்டுப்போன பாட்டு. மெட்டைக் கேளு மெட்டைக் கேளு என்பார். அத்தை நாற்காலி போட்டு உட்கார்ந்து ஒவ்வொரு பாட்டையும் வரி வரியாகக் கேட்டு, பிரிவு வந்தாலோ கண்ணீர் வந்தாலோ “எடு அதை” என்று விடுவார். அத்தைக்குத் தப்பித்த பாட்டு கொஞ்சம்தான். தோட்டத்து லோரி ஓட்டும் மலாய்க்காரர் குடும்பம் எங்களுக்கு அடுத்த வீடு, அவர்களுக்காக ஒரு மலாய்ப் பாட்டு. பத்தாங் பெர்ஜுந்தாயில் மின்சாமான் கடை வைத்திருந்த சீனர் ஆ லெக் வருவதாகச் சொன்னதால் ஒரு சீனப் பாட்டு. எங்கள் ஊர்க் கல்யாணத்தில் வேறு சாதிக்காரர் வந்தாலே எங்கே உட்காரவைப்பது என்று கூடிப் பேசுவார்கள். இங்கே ஆளுக்கொரு பாட்டுப் போட்டுவிட்டால் முடிந்தது என்பது எனக்குப் புதிதாகவும் பிடித்தும் இருந்தது. கடைசியில் கெட்டிமேளத்தையும் ஒரு கேசட்டிலிருந்து எடுத்துச் சேர்த்தோம். அதற்கு அடுத்தாற்போல் அம்மாவின் குலவை.

அம்மாவின் கேசட்டை அதுவரை நான் போட்டுக் கேட்கவில்லை. நல்ல நாளில் கேட்கலாம் என்று எடுத்து வைத்திருந்தேன். ஒரு சாயங்காலம் எஞ்சின் ஓடத் தொடங்கியதும் பெரிய செட்டில் போட்டோம். தம்பி பேசுகிறான் என்று தெரிந்தது, ஆனால் ஓட்டப்பந்தயத்தில் ஓடிக்கொண்டே பேசுகிற மாதிரி. அதற்குப் பிறகு வந்தது குலவையா என்று எனக்கே சந்தேகம். கீச்சுகீச்சென்று ஒரே வேகம். வெளியே தடதடவென்று காலடிச் சத்தம் கேட்டது. அடுத்த வீட்டு கக் தீமா, அதாவது தீமா அக்கா, லோரிக்காரர் மனைவி, கையில் விறகுக்கட்டையோடு ஓடிவந்து, “மூசாங்? மூசாங் மானா?” என்று கோழிக்கூண்டையும் எங்களையும் மாறி மாறிப் பார்த்தாள். மூசாங் என்றால் மரநாய். கோழியைப் பிடிக்க மரநாய் வந்துவிட்டது, கோழிகள் கத்துகின்றன என்று நினைத்திருக்கிறாள். எனக்கு அப்போது மலாய் பத்து வார்த்தைதான் தெரியும். செட்டைக் காட்டி “எமாக், எமாக்” என்றேன், அம்மா அம்மா என்று. அவள் செட்டையும் என் முகத்தையும் பார்த்தாள். எனக்குக் கண்ணீர் வழிவதைக் கண்டதும் விறகுக்கட்டையைக் கீழே போட்டுவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டாள். ஊரில் என் அம்மா செத்துப்போனாள் என்று புரிந்துகொண்டு அன்றைக்கு இரவுச் சாப்பாடு கொண்டுவந்து கொடுத்தாள். அத்தை போய் விளக்கம் சொல்லிவிட்டு வர அரைமணி நேரம் ஆயிற்று.

நடந்தது என்னவென்று இவர்தான் யோசித்துச் சொன்னார். ஊரில் தீர்ந்துபோகிற பேட்டரியைப் போட்டுப் பதிவு செய்திருக்கிறார்கள். பேட்டரியில் சத்து குறைந்தால் டேப் மெதுவாகச் சுற்றும். மெதுவாகச் சுற்றும்போது பதிந்ததை நல்ல கரண்டில் போட்டால் வேகமாகத்தானே ஓடும்? போகப்போகச் சத்து இன்னும் குறைந்திருக்கிறது, அதனால் குலவை வரும்போது குரலே மாறிவிட்டது. தெருவில் யாரிடமோ டேப்பை இரவல் வாங்கி, வீட்டு ஓட்டில் காயவைத்த பேட்டரியைப் போட்டு, அம்மாவை உட்காரவைத்திருப்பான் தம்பி. அந்தக் காட்சி அப்படியே கண்முன் வந்தது. இவர் செட்டிலிருந்து கேசட்டை வெளியே எடுத்தார். பிறகு, “அங்க மாதிரியே இங்கயும் பேட்டரி தீரணும். அப்ப அம்மா குரல் சரியா வரும்” என்றார்.

அப்புறம் எங்கள் வீட்டில் நடந்தது ஒரு தனித் திருவிழா. சின்ன டேப்பில் பழைய பேட்டரி போட்டு அம்மாவின் கேசட்டை ஓடவிடுவது, அதற்கு எதிரே கரண்டில் ஓடும் பெரிய செட்டை வைத்து அந்தச் சத்தத்தைப் பிடிப்பது என்று திட்டம். பழைய பேட்டரிக்கு எங்கே போவது? லயம் முழுக்கக் கேட்டோம். ஆ லெக் கடையிலும் போய் நானே கேட்டேன், பழசு வேண்டும், செத்ததாக இருந்தாலும் பரவாயில்லை என்று எனக்குத் தெரிந்த மலாயில். அவருக்கு முகம் சிவந்துவிட்டது. தன் கடையில் பழைய சரக்கு விற்கிறதாக நான் குறை சொல்ல வந்திருக்கிறேன் என்று நினைத்து, ஒவ்வொரு டப்பாவாகத் திறந்து “பாரு, செமுவா பாரு” என்று காட்டினார். எல்லாம் புதுசு என்கிறார். நான் வேண்டாம் வேண்டாம் என்று தலையாட்ட ஆட்ட அவர் இன்னும் புதுசாக எடுத்துக் காட்டினார். கடைசியில் கும்பிட்டுவிட்டு ஓடிவந்துவிட்டேன்.

லயத்துப் பெண்கள் கூரையிலிருந்து எடுத்து முந்தானையில் கட்டிக்கொண்டு வந்து கொட்டினார்கள். கக் தீமா தன் வீட்டுச் சுவர்க் கடிகாரத்தை நிறுத்திவிட்டு அதிலிருந்ததைக் கொண்டுவந்தாள். ஒவ்வொரு சாயங்காலமும் இவர் வேலை முடிந்து வந்துவிட, நாலு நாலாக மாற்றி மாற்றிப் போட்டுப் பார்த்தோம். ஒரு சேர்க்கையில் அம்மா ஆண்பிள்ளை மாதிரி முழங்கினாள். இன்னொன்றில் சின்னப் பெண்ணானாள். தம்பியின் குரலை வைத்து அளந்து பார்க்கலாம் என்றால், அவனுக்கு அது குரல் உடைகிற வயசு, அவனுக்கே அவன் குரல் தெரியாது. எல்லாரும் என் முகத்தையே பார்ப்பார்கள். சரியா, சரியா என்று. அந்தக் கூட்டத்தில் அம்மாவின் குரலைக் கேட்டவள் நான் ஒருத்திதானே. அங்கேதான் நான் மாட்டிக்கொண்டேன். ஒரு வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது. அம்மா திட்டுவது ஞாபகம் இருந்தது, பேர் சொல்லிக் கூப்பிடுவது ஞாபகம் இருந்தது. ஆனால் எந்த உயரத்தில் கூப்பிடுவாள் என்று கேட்டால் சொல்லத் தெரியவில்லை. பெற்ற தாயின் குரலைப் பேட்டரி மாற்றித் தேடுகிற பிழைப்பு யாருக்கும் வரக்கூடாது. ஒருநாள் கடிகார பேட்டரி ஒன்றும் வெயிலில் காய்ந்தது மூன்றும் சேர்ந்து ஓடியபோது எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. “இதான், இதான் எங்கம்மா” என்றேன். இவர் உடனே பதிவு பட்டனை அமுக்கினார். தம்பி பேசியதையும், குலவைக்கு முன்னால் தொண்டையைச் செருமுகிற மாதிரி வந்த ஒரு சின்னக் கரகரப்பையும் வேண்டாமென்று விட்டுவிட்டு, குலவையை மட்டும் எடுத்தோம். கூடவே கக் தீமாவின் சேவல் ஒரு தடவை கூவியதும், தூரத்தில் ஒரு மோட்டார் போனதும் சேர்ந்து பதிந்துவிட்டன. பரவாயில்லை, அவர்களும் கல்யாணத்துக்கு வரட்டும் என்றார் அத்தை.

கல்யாண நாள் வந்தது. விடிகாலை முகூர்த்தம். அன்றைக்கு மட்டும் எட்டு மணி வரை எஞ்சினை ஓடவிடுவதாகத் தோட்டத்துக் கணக்கு பார்க்கும் கிராணி பெரிய மனது பண்ணியிருந்தார். குழாயில் எங்கள் பாட்டு போயிற்று. நடுவில் அறிவிப்பாளர் மணி சொன்னபோது பந்தலில் இருந்த ஆண்கள் எல்லாரும் கைக்கடிகாரத்தைப் பார்த்துக் குழம்பியதை மணமேடையிலிருந்து பார்த்து எனக்குச் சிரிப்பு. சின்னையாவும் வந்திருந்தார், வேன் இல்லாமல், சரிகை வேட்டியில் விருந்தாளியாக. ஆனால் ஐயரைக் காணோம். கோலசிலாங்கூரில் இன்னொரு கல்யாணத்தை முடித்துவிட்டு வருகிறார் என்றார்கள். அவர் மோட்டாரிலிருந்து இறங்கி மணமேடைக்கு வந்து சேர்ந்து, அடுத்த முகூர்த்தத்தில் கட்டிவிடலாம் என்று உட்கார்ந்ததும் பாட்டு நின்றது. எட்டு மணி ஆகி எஞ்சின் நின்றுவிட்டது. எஞ்சின்காரர் கொட்டகையைப் பூட்டிவிட்டு ராசா என்கிற ஊரில் இருக்கும் மகள் வீட்டுக்குக் கிளம்பிவிட்டதாக யாரோ ஓடிப்போய்ப் பார்த்துவிட்டு வந்து சொன்னார்கள். எல்லாரும் சின்னையாவைப் பார்த்தார்கள். அவர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, “என் வேன்ல ஜெனரேட்டர் இருக்கும். வேனைத்தான் நீங்க கூப்பிடலையே” என்றார். பாட்டுப் போடுவது மட்டும்தான் அவர் தொழில் என்று நாங்கள் நினைத்திருந்தோம்.

கெட்டிமேளமும் கேசட்டில், குலவையும் கேசட்டில். சத்தமே இல்லாமல் தாலி ஏறினால் அது என்ன கல்யாணம்? ஐயர் நேரம் போகிறது என்று அவசரப்படுத்தினார். பண்டாரம் கோயில் மணியை அடிக்கட்டும் என்று முடிவாயிற்று. இத்தனை பாடுபட்டும் அம்மா வரப்போவதில்லை என்று புரிந்ததும் உதட்டைக் கடித்துக்கொண்டேன். சின்ன டேப் மணமேடைக்குப் பின்னால் கிடந்தது. அதற்குள் அந்தக் காய்ந்த பேட்டரி நாலும் அப்படியே இருந்தன, எடுக்க மனம் வராமல் நான்தான் விட்டு வைத்திருந்தேன். இவர் அதைப் பார்த்தார். நாங்கள் நல்ல கரண்டில் எடுத்த கேசட்டை இந்தத் தீர்ந்த பேட்டரியில் போட்டால் மெதுவாக ஓடி அம்மா ஆண்பிள்ளையாகிவிடுவாள். எனக்கு அப்போதுதான் சுரீரென்று உறைத்தது. “அத்தை, பழசு. ஊர்லருந்து வந்தது. என் பெட்டியில இருக்கு” என்றேன்.

அத்தை போய் எடுத்துவந்து போட்டார். ஆனால் யார் பிடித்துக்கொள்வது? அத்தை கையில் விளக்கு. அந்தச் சின்னப் பெட்டியைக் காதருகே பிடித்தால்தான் கேட்கும். பந்தக்காலுக்கு வெளியே, கூட்டத்துக்கும் பின்னால், என் மாமியார் நின்றிருந்தார். ஒரு வருஷத்துக்கு முன் தாலி அறுத்தவர் மணமேடைப் பக்கம் வரக்கூடாது என்று அவராகவே ஒதுங்கிக்கொண்டார். ஒதுங்கும்படி யாரும் சொல்லவில்லை, ஒதுங்க வேண்டாமென்றும் யாரும் சொல்லவில்லை. இந்தத் தோட்டத்துக் கல்யாணம் எல்லாவற்றிலும் முன்னால் நின்றவர், தன் மகன் கல்யாணத்தில் பின்னால் நின்றிருந்தார். அத்தை அவரைப் பார்த்து, “அண்ணி, இங்க வாங்க. பெட்டியப் புடிக்க ஆள் இல்ல” என்றார்.

“நான் கிட்ட வரக்கூடாது.”

“பாட்டுப் பெட்டி புடிக்கத்தானே கூப்புடுறேன். வாங்கலா, நேரமாச்சு.”

மாமி வந்தார். முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு எனக்குப் பின்னால் மண்டியிட்டு உட்கார்ந்து, டேப்பை என் தோள் மேல் வைத்துப் பிடித்தார். பட்டனை அமுக்கினார். “அக்கா, மாமா, எல்லாருக்கும் வணக்கம். இப்ப அம்மா குலவை போடுவாங்க” என்று தம்பி சொன்னான். நாங்கள் விட்டுவிட்ட அந்தக் கரகரப்பு வந்தது. பிறகு குலவை. வேகமும் இல்லை, முழக்கமும் இல்லை, ஊரில் எங்கள் தெருக் கல்யாணத்தில் எப்படிக் கேட்குமோ அப்படியே கேட்டது. கோயில் மணி அடித்தது, இவர் தாலியைக் கட்டினார், நான் குனிந்தபடி அழுதேன். பந்தலில் இருந்தவர்களுக்கு ஒன்றும் கேட்டிருக்காது. எனக்கும் மாமிக்கும்தான் கேட்டது.

அதற்குப் பிறகு அந்தக் குலவைக்கு வந்த மவுசைச் சொன்னால் நம்ப மாட்டீர்கள். கல்யாணம் முடிந்த கொஞ்ச நாளில் சின்னையாவே வீட்டுக்கு வந்தார். தின்னக் கொடுத்ததையெல்லாம் தின்றுவிட்டு, மெதுவாக, “அந்தக் குலவைக் கேசட்டு, நீங்க சரி பண்ணி எடுத்தது, கொஞ்சம் குடும்மா. லயத்துப் பொம்பளைங்க சொல்லிச் சொல்லி ஜனங்க கேக்குறாங்க” என்றார். ஹெட்டு அழுக்காகாதா அண்ணே என்று கேட்டேன். கேட்காத மாதிரி வாங்கிக்கொண்டு போய், ஒரு நகல் எடுத்துக்கொண்டு திருப்பிக் கொடுத்தார். அன்றிலிருந்து எங்கள் தோட்டத்திலும் அக்கம்பக்கத்துத் தோட்டங்களிலும் கெட்டிமேளத்துக்கு அடுத்து மணியம் பொண்டாட்டியின் அம்மா போட்ட குலவை, நடுவில் கக் தீமாவின் சேவலோடு. அந்தச் சேவலைக் கல்யாணம் கல்யாணமாகக் கேட்டுப் பழகியவர்கள் அதுவும் எங்கள் ஊர் வழக்கம் என்றே நினைக்கிறார்கள்.

மகள் பிறந்து நடக்கத் தொடங்கிய பிறகுதான் ஊருக்குப் போக வாய்த்தது. பெருமையாகக் கேசட்டைக் கொண்டுபோனேன். நாங்கள் எடுத்ததையும் போட்டேன், பழசையும் போட்டேன். அம்மா குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு கேட்டாள். கேட்டுவிட்டுச் சிரித்தாள்.

“இது நானில்லடி. உன் சித்தி.”

நான் டேப்பை நிறுத்தினேன். “தம்பி அம்மான்னுதானே சொல்றான்?”

“நான்தான் போட உட்கார்ந்தேன். வாயைத் திறந்தா வரணுமே. தொண்டை அடைச்சிருச்சு. பேட்டரி வேற தீரப்போகுதுன்னு உன் தம்பி கத்துறான். பக்கத்துல நின்ன சித்தி சட்டுனு போட்டுட்டா. முன்னால ஒரு சத்தம் வருது பாரு, அதுதான் நான்.”

பழைய கேசட்டை மறுபடி போட்டோம். தம்பி பேசினான், கரகரவென்று அந்தச் சத்தம் வந்தது, குலவை தொடங்கியது. வேண்டாமென்று நாங்கள் விட்டுவிட்டோமே, அதுதான் என் அம்மா. சித்தியின் குரலை வைத்துக்கொண்டு பேட்டரி மாற்றி மாற்றி அம்மா குரலைத் தேடியிருக்கிறேன், கண்டும் பிடித்திருக்கிறேன். அன்றைக்கு எஞ்சின் நிற்காமல் ஓடியிருந்தால் என் தாலி கட்டுக்குச் சித்தி மட்டும் வந்திருப்பாள். இதை நினைக்கும்போதெல்லாம் அந்த எஞ்சின்காரரை மனசுக்குள் கும்பிடுகிறேன்.

திரும்பி வருவதற்கு முன் புது பேட்டரி வாங்கிப் போட்டு, அம்மாவை உட்காரவைத்து, நிதானமாக ஒரு குலவை பதிவு செய்தேன். கணீரென்று வந்தது. இங்கே வந்ததும் முதல் வேலையாக மாமிக்குப் போட்டுக் காட்டினேன். மாமி தலையைச் சாய்த்துக் கடைசிவரை கேட்டார். “யாரு இது? நல்லாத்தான் போடுறாங்க. ஆனா உங்கம்மா குரல் இல்லையே” என்றார். நான் நடந்ததைச் சொன்னேன். மாமி ஒப்புக்கொள்ளவில்லை. “தாலி கட்டும்போது பெட்டியப் புடிச்சுக்கிட்டிருந்தது நானு. எனக்குத் தெரியாதா உங்கம்மா குரலு?” என்று எழுந்து போய்விட்டார்.

புதுக் கேசட்டை யாரும் கேட்பதில்லை. கல்யாணங்களில் சித்திதான் என் அம்மாவாக இன்னும் குலவை போட்டுக்கொண்டிருக்கிறாள், சேவலும் கூவிக்கொண்டிருக்கிறது, நானும் யாரையும் திருத்துவதில்லை. உண்மையைச் சொன்னால், சில கல்யாணங்களில் எனக்கே அது அம்மாவாகத்தான் கேட்கிறது. அம்மா ஞாபகம் தாங்காத நாளில் மட்டும் சின்ன டேப்பில் பழைய பேட்டரி நாலைப் போட்டு, ஊர்க் கேசட்டை ஓடவிடுவேன். தம்பி வணக்கம் சொல்வான். அந்தக் கரகரப்பு வரும். குலவை தொடங்குவதற்குள் நிறுத்திவிடுவேன். பிறகு பேட்டரிகளைக் கழற்றிக்கொண்டு போய், கருவாட்டை ஓரமாக ஒதுக்கி, தகரத்தின் மேல் காயவைப்பேன்.